பெயர்ப் பிழையே இல்லாத மையம்

சான்றிதழில் எல்லாம் இருந்தது. மகளைத்தான் காணவில்லை.

கண்ணகி தாளை ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து இன்னொரு தடவை படித்தாள். மேலே முத்திரை. கீழே பச்சை மையில் கையெழுத்து. ஓரத்தில் போனைக் காட்டிச் சரிபார்க்கும் க்யூஆர் கட்டம். நடுவில் இப்படி அச்சாகியிருந்தது:

‘«ஊர்» கிராமத்தில் வசிக்கும் «தந்தை பெயர்» என்பவரின் மகன்/மகள் «விண்ணப்பதாரர் பெயர்», «சாதி» வகுப்பைச் சேர்ந்தவர் எனச் சான்றளிக்கப்படுகிறது.’

“சார், எம் பொண்ணு பேரு ரேவதி.”

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்த வரதன், உத்திரமேரூர் மக்கள் சான்றுரை மையத்தின் முதுநிலை உதவியாளர், நிமிராமலே பதில் சொன்னார். “தெரியும்மா. கம்ப்யூட்டர்ல ஏத்தியாச்சு.”

“பேப்பர்ல இல்லியே சார்.”

“கம்ப்யூட்டர்ல கீதா இல்லியா? கீது. அப்புறம் இன்னா? அடுத்த ஆளு வா.”

அன்றைக்குச் செவ்வாய்க்கிழமை. வெள்ளிக்கிழமை மாலைக்குள் காஞ்சிபுரத்து நர்சிங் கல்லூரியில் பழங்குடிச் சான்றைக் காட்டினால் ரேவதிக்கு இடம் உறுதி. காட்டாவிட்டால் அடுத்த வாரம் அவளும் அம்மாவோடு பெருநகர் கிராமத்துக் கழனியில் நாற்று நட இறங்க வேண்டியதுதான். கண்ணகியும் அவள் புருஷன் மாசியும் இருளர்கள். தாங்கள் இருளர்கள்தான் என்று அரசாங்கத்தை நம்ப வைப்பதற்குள் ரேவதி பள்ளிக்கூடமே முடித்துவிட்டாள். விசாரணை, மறுவிசாரணை, மேல்விசாரணை எல்லாம் தாண்டி, ஒப்புதலும் ஆகி, பாக்கி இருந்தது அச்சடிக்கிற வேலை ஒன்றுதான். அங்கே வந்து கப்பல் தரை தட்டிவிட்டது.

காரணம் ரொம்பச் சின்னது. ஒரே ஒரு கோப்பு.

மையத்தில் இருந்த கம்ப்யூட்டரில் சான்று அச்சடிக்கும் மென்பொருள் ஒன்று உண்டு. அதனிடம் இருந்தது வெறும் வார்ப்பு. பெயர் வரவேண்டிய இடம், ஊர் வரவேண்டிய இடம் என்று அங்கங்கே ஓட்டை விட்ட வாசகம். ஓட்டைகளில் சரியான ஆளைக் கொண்டுபோய் உட்கார வைக்கிற வேலையை, டிஎல்எல் என்று பெயர் முடியும் இன்னொரு கோப்பு தனியாக நின்று செய்துகொண்டிருந்தது. அது பொதுக்கோப்பு. எந்த மென்பொருள் கூப்பிட்டாலும் போய்ச் செய்து கொடுக்கும். இரண்டு கழனிக்கு நடுவே ஒரு பொது மோட்டார் மாதிரி.

அதே கம்ப்யூட்டரில், முன்பு வேலை பார்த்த யாரோ ஒரு புண்ணியவான் கல்யாணப் பத்திரிகை அடிக்கிற மென்பொருள் ஒன்றையும் ஏற்றி வைத்திருந்தார். மணமகன் பெயரையும் மாமன் பெயரையும் நிரப்பியது அதே மோட்டார்தான். அலுவல் சாராத மென்பொருள்களை உடனே நீக்குக என்று மேலிடத்திலிருந்து சுற்றறிக்கை வந்தது. வரதன் நீக்க உட்கார்ந்தார். பாதியில் திரை ஒரு கேள்வி கேட்டது. ‘இந்தக் கோப்பை வேறு மென்பொருள்களும் பயன்படுத்தக்கூடும். இதையும் நீக்கவா?’

இந்த இடத்தில் மையத்தின் வழக்கம் ஒன்றைச் சொல்ல வேண்டும். கம்ப்யூட்டர் எதைக் கேட்டாலும் அங்கே ‘ஆம்’ என்றுதான் அமுக்குவார்கள். ‘இல்லை’ என்று அமுக்கினால் ஏன் இல்லை என்று எழுத்துமூலம் காரணம் கொடுத்து, துணை இயக்குநரிடம் முன் அனுமதி வாங்கி, அதற்கு ஒரு எண்ணும் போட வேண்டும். ‘ஆம்’ என்பதற்கு யாரும் விளக்கம் கேட்பதில்லை. ஜன்னலில் வந்து நிற்கும் மனிதர்களுக்கு இதே விதி தலைகீழாக நடைமுறையில் இருந்தது. அவர்களிடம் ‘இல்லை’ என்பதற்கு எந்த அனுமதியும் தேவைப்படவில்லை.

வரதன் ‘ஆம்’ அமுக்கினார். கல்யாணத்தோடு சேர்ந்து மோட்டாரும் போனது. அன்றிலிருந்து மையத்திலிருந்து வெளியே போன ஒவ்வொரு தாளும் ஓட்டையோடுதான் போனது.

*

மறுநாள் துணை இயக்குநரையே பார்த்துவிடுவது என்று கண்ணகி வந்தபோது மையத்தின் வாசலில் ஷாமியானா போட்டிருந்தார்கள். மேஜை மேல் ஒரு கேடயம் பளபளத்தது. ‘பெயர்ப் பிழையே இல்லாத மையம்’ என்று மாவட்ட அளவில் கிடைத்த முதல் பரிசு. துணை இயக்குநர் கலைச்செல்வன் ஏற்புரை ஆற்றிக்கொண்டிருந்தார். அவருக்கு மைக் கிடைத்தால் சாப்பாடு வேண்டாம்.

“முன்பெல்லாம் பெயரைத் திருத்தித் தாருங்கள் என்று இந்த வாசலில் தினம் ஒரு கூட்டம் நிற்கும். ஏன் நின்றார்கள்? சான்றில் பெயர் இருந்தது, அதனால் நின்றார்கள். பிழையின் ஆணிவேர் பெயர்தான் என்பதை நாம் கண்டுகொண்டோம். சென்ற மாதம் நாம் கொடுத்த சான்றுகளில் ஒன்றில்கூடப் பெயர்ப் பிழை கிடையாது. யார் வேண்டுமானாலும் பூதக்கண்ணாடி வைத்துத் தேடிப் பார்க்கலாம்.”

கை தட்டினார்கள். அவர் தொண்டையைச் செருமிக்கொண்டார்.

“சாதி ஒழிய வேண்டும் என்று மேடைபோட்டுப் பேசாதவர்கள் இல்லை. ஒழித்து, அச்சடித்து, கையெழுத்தும் போட்டுக் கொடுத்த அலுவலகம் இந்தியாவிலேயே நம்முடையது ஒன்றுதான். இங்கே வருகிற எல்லோருக்கும் ஒரே சாதி. சதுரக் கட்டத்தை ஸ்கேன் செய்து பாருங்கள். உண்மையானது என்று பச்சை எழுத்தில் வரும்.”

கூட்டத்தின் கடைசியில், தோள்பையை மடியில் வைத்துக்கொண்டு ஒரு பெண் உட்கார்ந்திருந்தாள். கைதட்டாதவள் அவள் ஒருத்திதான் என்பதால் கண்ணகி போய்ப் பக்கத்தில் உட்கார்ந்தாள். பெயர் கல்பனா. தலைமையகத்திலிருந்து பழுது பார்க்க அனுப்பப்பட்ட இன்ஜினியர். வந்து ஒரு வாரமாகிறதாம்.

“போன கோப்பு என்கிட்ட இருக்குக்கா. உள்ள விட்டாங்கன்னா ரெண்டு நிமிஷ வேலை.”

“வுட மாட்டேன்றாங்களா?”

விடமாட்டேன் என்று அவர்கள் சொல்லவில்லை என்றாள் கல்பனா. வெளியிலிருந்து வரும் எந்தக் கோப்புக்கும் அது நம்பகமானது என்று ஒரு சான்று வேண்டும் என்றார்கள். அந்தச் சான்றைக் கொடுப்பதும் இதே மையம்தான். வரதன் உடனே அச்சடித்தும் கொடுத்துவிட்டார். ‘«கோப்பின் பெயர்» என்னும் கோப்பு நம்பகமானது’ என்று வந்தது. அதைக் கொண்டுபோய் நீட்டினால் துணை இயக்குநர் மூக்குக்கண்ணாடியை இறக்கிப் பார்த்தாராம். பெயரே இல்லாத சான்றை வைத்து ஒரு கோப்பை எப்படியம்மா உள்ளே விடுவது, நாளைக்கு யார் பதில் சொல்வது என்றாராம்.

கேடயத்தோடு போட்டோ எடுத்து முடிந்ததும் கண்ணகி அவர் அறைக்குள் நுழைந்தாள். தாளை மேஜை மேல் வைத்தாள். ஒரே ஒரு வரி, பேனாவால் ரேவதி என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தரச் சொன்னாள்.

கலைச்செல்வன் பேனாவைத் தன் சட்டைப்பைக்குள் இன்னும் கொஞ்சம் அழுத்திச் செருகிக்கொண்டார். “கையால எழுதினா மனிதத் தலையீடுன்னு ஆயிடும்மா. மனுஷன் கை பட்டா அது போலி. மெஷின் விட்ட இடத்தை நிரப்ப நான் யாரு?”

“அப்ப எம் பொண்ணு?”

“உன் பொண்ணுக்கு ஒரு குறையும் இல்லை. சான்று உண்மையானது. சான்றுல இருக்கற பேரு ‘விண்ணப்பதாரர் பெயர்’. உன் பொண்ணு பேரு ரேவதி. ரெண்டும் ஒரே ஆளுன்னு இன்னொரு சான்று வாங்கிட்டா முடிஞ்சது. இனிஷியல் மாறினவங்க, கல்யாணத்துல பேரு மாறினவங்க எல்லாரும் வாங்கறதுதானே. நாளைக்கே விசாரணைக்கு ஆள் அனுப்பறேன்.”

இதில் எங்கேயோ ஒரு கோளாறு இருக்கிறது என்று கண்ணகிக்குத் தெரிந்தது. எங்கே என்று சொல்லத் தெரியவில்லை. சரி சார் என்று கும்பிட்டுவிட்டு வந்தாள். அந்தக் கும்பிடுக்காக அவள் பிற்பாடு தன்னைத்தானே நிறையத் திட்டிக்கொண்டாள்.

*

வியாழக்கிழமை வரதன் பைக்கில் குடிசைகளுக்கே வந்து இறங்கினார். நாற்காலி இல்லாததால் கவிழ்த்துப் போட்ட உரல் மேல் உட்கார்ந்துகொண்டு, பக்கத்துக் குடிசை மார்த்தாளைச் சாட்சியாகக் கூப்பிட்டார். இந்தப் பெண்ணை ஊரில் என்ன பெயர் சொல்லிக் கூப்பிடுகிறீர்கள் என்று கேட்டார்.

“ரேவதின்னுதான். வேற இன்னான்னு கூப்புடறது?”

வரதன் நெற்றியைத் தேய்த்தார். மார்த்தாள் சொன்னதை அப்படியே எழுதினால் விண்ணப்பம் அடிபட்டுப் போகும் என்று கண்ணகியிடம் தனியாகச் சொன்னார். அவர் ஒன்றும் கெட்டவர் இல்லை. விதிக்குள் எவ்வளவு இரக்கம் நுழையுமோ அவ்வளவு இரக்கம் அவரிடம் இருந்தது. பெண்ணைக் கொஞ்ச தூரத்தில் போய் நிற்கச் சொன்னார். தான் கூப்பிட்டதும் அவள் திரும்பிப் பார்த்து, ஏன் என்று கேட்டால் போதும், நேரில் கண்டதாக எழுதிக்கொள்வதாகச் சொன்னார்.

ரேவதி வேலி ஓரமாகப் போய் நின்றாள்.

“விண்ணப்பதாரர் பெயர்,” என்று கூப்பிட்டார் வரதன்.

அவள் திரும்பவில்லை. வேண்டுமென்றே இல்லை. யாரையோ கூப்பிடுகிறார் என்று நினைத்துக்கொண்டாள். மார்த்தாளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு, “இன்னும் கொஞ்சம் ஆசையா கூப்புடு சார், வரும்,” என்றாள்.

வரதன் எழுந்து நின்று, கையை வாயருகே குவித்து, குரலை உயர்த்திக் கூப்பிட்டார். இப்போது கண்ணகியும் சைகை காட்டினாள். ரேவதி மெதுவாகத் திரும்பினாள். பன்னிரண்டாம் வகுப்பில் பள்ளியிலேயே இரண்டாவதாக வந்த பெண். முகம் கறுத்துப்போயிருந்தது.

“ஏன்?” என்றாள்.

“அவ்ளோதாம்மா. முடிஞ்சது,” என்று எழுதிக்கொண்டார் வரதன்.

சாயந்தரம் சான்று கையில் கிடைத்தது. ‘«பெயர் ஒன்று», «பெயர் இரண்டு» ஆகிய இருவரும் ஒருவரே எனச் சான்றளிக்கப்படுகிறது.’ அதோடு நிற்கவில்லை. கடமை தவறாத மையம் அது. கல்லூரிக்கும் அப்போதே ஒரு மின்னஞ்சல் போனது. பழங்குடி இடத்துக்கான பட்டியலில் ரேவதி என்ற பெயரை நீக்கி, சான்றில் உள்ளபடி ‘விண்ணப்பதாரர் பெயர்’ என்று திருத்திக்கொள்ளவும்.

*

வெள்ளிக்கிழமை காஞ்சிபுரம் பஸ் வழியில் பஞ்சராகி நின்றது. அம்மாவும் மகளும் கல்லூரி அலுவலகத்துக்குள் நுழைந்தபோது மதியச் சாப்பாட்டு நேரம் முடிந்திருந்தது. கவுண்ட்டரில் இருந்த அம்மாள் இரண்டு தாளையும் வாங்கி ஸ்கேன் செய்தாள். இரண்டுமே பச்சை. திரையைப் பார்த்தாள். திரும்பவும் பார்த்தாள்.

“விண்ணப்பதாரர் பெயர் காலையிலேயே வந்து சேர்ந்தாச்சேம்மா.”

கண்ணகிக்கு முதலில் புரியவில்லை. புரிந்தபோது பின்னால் யாரோ கனைக்கும் சத்தம் கேட்டது. பெருநகர் சுப்பிரமணி. அவர் கழனியில்தான் கண்ணகி வருஷா வருஷம் நடவு நடுகிறாள். பக்கத்தில் அவர் மகள் திவ்யா, புது அடையாள அட்டையைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு தரையைப் பார்த்து நின்றிருந்தாள். அவளும் போன வாரம் அதே மையத்தில் தங்கள் சாதிக்கு ஒரு சான்று வாங்கியிருந்தாள். அதே வார்ப்பு. அதே ஓட்டைகள். அவர்களுக்குச் சொந்தக் கார் இருந்தது. காலையிலேயே வந்துவிட்டார்கள்.

“நான் இன்னா பண்றது கண்ணகி?” என்றார் சுப்பிரமணி, ரொம்ப நியாயமான குரலில். “பாப்பா பேப்பர்ல என்ன பேரு கீதோ அதே பேருதான் லிஸ்டுலயும் கீது. கூப்புட்டாங்க, எழுந்து நின்னுச்சு.”

ரேவதி கவுண்ட்டர் அம்மாளைப் பார்த்துக் கேட்டாள். “அப்ப நான் யாரு மேடம்?”

“நீ ரேவதிதானே? அந்தப் பேர்ல இங்க சீட் எதுவும் இல்லம்மா.”

வெளியே வந்ததும் ரேவதி அழவில்லை. பஸ் ஸ்டாண்டுக்குப் போகும் வழியெல்லாம் வாயைத் திறக்கவுமில்லை. கண்ணகிக்கு அதுதான் தாங்கவில்லை. அழுதிருந்தால் சமாதானப்படுத்திக்கொண்டே ஊர் போய்ச் சேர்ந்திருப்பாள். அந்த மௌனத்தில் அவளுக்கு யோசிக்க நேரம் கிடைத்துவிட்டது. ஒரே தாளை வைத்துக்கொண்டு சுப்பிரமணி மகள் ரேவதியாக முடியுமென்றால், கண்ணகி யாராக முடியாது?

உத்திரமேரூரில் இறங்கி மகளை வீட்டுக்கு அனுப்பிவிட்டு நேராக மையத்துக்குப் போனாள். வரதன் கதவைச் சாத்தக் கிளம்பிக்கொண்டிருந்தார். சுவரில் சேவைகளின் பலகை தொங்கியது. சாதி, வருமானம், வாரிசு, இருப்பிடம் என்று கீழே கீழே போய்க் கடைசி வரியில் ‘அரசு அலுவலர் குடியிருப்பு ஒதுக்கீட்டு ஆணை’ என்று இருந்தது. கண்ணகி அதன் மேல் விரலை வைத்தாள்.

“இது குடு சார்.”

“ஏம்மா, இது ஆபீசருங்களுக்கு. இன்னிக்குக் காலையிலதான் எங்க சாருக்கே அடிச்சேன். புது குவார்ட்டர்ஸ்ல பால் காய்ச்சிக்கினு கீறாரு. லீவு.”

“நான் ஆளு யாருன்னு நீ முடிவு பண்ணாத சார். அது மனிதத் தலையீடு. மிஷின கேளு.”

வரதன் மிஷினைக் கேட்டார். ‘தகுதி விவரம் காலியாக உள்ளது. தொடரவா?’ என்று மிஷின் திருப்பிக் கேட்டது. ‘இல்லை’ என்று அமுக்க அனுமதி வேண்டும். அனுமதி கொடுக்க வேண்டியவர் பால் காய்ச்சிக்கொண்டிருந்தார். வரதன் நிமிர்ந்து கண்ணகியைப் பார்த்தார். பிறகு ‘ஆம்’ அமுக்கினார். அச்சு இயந்திரம் ஓடி நின்றது.

‘«தெரு», «கதவு எண்» குடியிருப்பு, «அலுவலர் பெயர்» அவர்களுக்கு ஒதுக்கப்படுகிறது. உடனே குடியேறலாம்.’

*

சனிக்கிழமை காலை. கலைச்செல்வன் புது வீட்டுக் கூடத்தில் நாஷ்டாவுக்கு உட்கார்ந்து, முதல் இட்லியைப் பிட்டிருந்தார். கேட் திறக்கும் சத்தம் கேட்டது. கண்ணகி, மாசி, ரேவதி, மார்த்தாள், மார்த்தாளின் இரண்டு ஆடுகள், பாய், பானை, அடுப்பு, ஒரு கூடைக் கோழி எல்லாம் வரிசையாக உள்ளே வந்தன. மாசி வாசற்படியில் செருப்பை ஒழுங்காகக் கழற்றி வைத்துவிட்டு வந்தான்.

“யாரும்மா நீங்க? இது என் வூடு,” என்று கத்தினார் கலைச்செல்வன். மேடைத் தமிழ் எங்கோ போயிருந்தது.

கண்ணகி தாளை நீட்டினாள். அவர் உள்ளே ஓடித் தன் ஆணையை எடுத்து வந்தார். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். அவருடையதில் லேசாகக் குங்குமம் ஒட்டியிருந்தது. மற்றபடி ஒரு எழுத்துக்கூட வித்தியாசமில்லை.

போலீஸுக்குப் போன் போட்டார். வந்த ஏட்டு இரண்டையும் ஸ்கேன் செய்தார். இரண்டும் பச்சை. ரெண்டும் ஒரிஜினலா கீது சார், குடும்பத்துக்குள்ள பேசி முடிச்சுக்கோங்கோ என்று சொல்லி, ஓர் ஆட்டைத் தாண்டிக்கொண்டு போய்விட்டார்.

“நான் கலைச்செல்வன். இந்த ஊருக்கே தெரியும்,” என்றார் துணை இயக்குநர்.

“ஊருக்குத் தெரிஞ்சா போதாது சார்,” என்றாள் கண்ணகி. பாயை விரித்துக் கூடத்தின் நடுவில் உட்கார்ந்துகொண்டாள். “கலைச்செல்வனும் ‘அலுவலர் பெய’ரும் ஒருத்தர்தான்னு ஒரு பேப்பர் வாங்கியாங்கோ. திங்கக்கெழம ஆபீஸ் தொறக்கும். விசாரணைக்கு ஆள் வரும். கூப்புட்டா திரும்பிப் பாருங்கோ.”

மார்த்தாள் சமையலறை எந்தப் பக்கம் என்று அவர் மனைவியிடம் விசாரித்தாள்.

கலைச்செல்வன் போனை எடுத்துக்கொண்டு கொல்லைப்பக்கம் போனார். கல்பனாவைப் பிடித்தார். உடனே மையத்தைத் திறந்து அந்தக் கோப்பை உள்ளே போடச் சொன்னார். நம்பகச் சான்று வேண்டாமா என்று அவள் கேட்டிருக்க வேண்டும். “அதெல்லாம் பிற்பாடு பாத்துக்கலாம்மா, நான்தானே சொல்றேன்,” என்று இவர் கெஞ்சுவது கூடம் வரைக்கும் கேட்டது. அடுத்த போன் வரதனுக்கு; அவர் வீட்டிலிருந்து சாவியோடு மையத்துக்கு ஓடினார். ரெண்டு நிமிஷம் என்று கல்பனா சொன்னது கொஞ்சம் மிகை. மூன்று ஆயிற்று.

போனைக் காதில் வைத்தபடியே அவர் கூடத்துக்கு வந்தார். முகத்தில் ரத்தம் திரும்பியிருந்தது. “வந்துடுச்சா? சரி, மொதல்ல என் வீட்டு ஆர்டரை எடு வரதா. முழுப் பேரையும் போட்டு…”

கண்ணகி எழுந்திருக்கவில்லை. அடுப்பைப் பற்ற வைக்கச் சொல்லி மார்த்தாளுக்குக் கண் காட்டினாள். பிறகு கலைச்செல்வனைப் பார்த்தாள்.

“மொதல்ல எம் பொண்ணு. ரெண்டாவது, காலேஜுக்கு நீ அனுப்பின மெயிலு தப்புன்னு இன்னொரு மெயிலு. அந்தக் கவுண்ட்டர் அம்மா போன்ல சரின்னு சொல்றத நான் கேக்கணும். அப்பால ஒன் வூடு.”

அவர் பாதியில் விட்ட நாஷ்டாவைப் பார்த்தார். கூடையிலிருந்து ஒரு கோழி இறங்கி இட்லித் தட்டின் பக்கம் நடந்துகொண்டிருந்தது.

“வரதா,” என்றார். “மொதல்ல அந்தப் பொண்ணோடதைப் போடு.”

எந்தப் பொண்ணு என்று வரதன் கேட்டிருப்பார் போலிருக்கிறது. துணை இயக்குநர் சுற்றிலும் பார்த்தார். கூடத்தில் ஒருவரும் எடுத்துக் கொடுக்கவில்லை. மாசி சுவரோரம் கையைக் கட்டிக்கொண்டு நின்றான். மகள் ஜன்னலண்டை நின்று வெளியே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“ரேவதி,” என்றார் கலைச்செல்வன், போனுக்குள்.

ஜன்னலண்டை நின்றவள் சட்டென்று திரும்பிப் பார்த்தாள்.